பேனா பிடிக்கத் தெரியாத நாவலாசிரியை



எங்கள் உம்மம்மாவுக்குக் கையெழுத்துப் போடத் தெரியாது. உறுதிப் பத்திரத்திலும் பெருவிரல் அடையாளம்தான். ஆனால், இஷாத் தொழுகை முடிந்து குப்பி விளக்கைச் சுற்றி எங்களை உட்கார வைத்து அவர் கதை சொல்லத் தொடங்கினால், பாயை விட்டு எழும்ப மனம் வராது. நடுச்சாமத்தில் யாரோ கதவைத் தட்டுவார்கள். "தட்டினது ஆரு தெரியுமா?" என்று கேட்பார். நாங்கள் மூச்சைப் பிடித்துக்கொண்டிருக்க, "மிச்சம் நாளைக்கு. போய்ப் படுங்க புள்ளையள்" என்று எழுந்து போய்விடுவார்.

எங்கள் வளவு சம்மாந்துறையில், வீரமுனையை ஒட்டி இருந்தது. வீரமுனையிலிருந்து தயிர் கொண்டுவரும் ஓர் அம்மா, சட்டியை இறக்கி வைத்துவிட்டு, "உம்மா, ராத்திரி அந்தக் கதவைத் தட்டினது ஆரு?" என்று எங்களுக்கு முன்பே கேட்டுவிடுவார்!

உம்மம்மாவை நினைக்கும்போதெல்லாம் என் நினைவுக்கு வருபவர் வை.மு. கோதைநாயகி அம்மாள். 1901ஆம் ஆண்டு பிறந்த சென்னைப் பெண்மணி. ஐந்தரை வயதிலேயே திருமணம் முடிந்துவிட்டது. பள்ளிக்கூடம் போய்ப் படித்தவரல்லர். வீட்டுக் குழந்தைகளைக் கூட்டி வைத்துக் கதை சொல்வதுதான் அவருக்குத் தெரிந்த வித்தை. கணவர் பார்த்தசாரதி அவரை நாடகங்களுக்கு அழைத்துச் செல்வார். பார்த்துப் பார்த்து, தாமும் ஒரு நாடகம் எழுத வேண்டும் என்ற ஆசை பிறந்தது. ஆனால் எழுதத் தெரிய வேண்டுமே!

அப்போது பட்டம்மாள் என்ற தோழி முன்வந்தார். இவர் சொல்லச் சொல்ல அவர் எழுதினார். 'இந்திர மோகனா' என்ற நாடகம் இப்படித்தான் உருவானது. பிறகு கோதைநாயகி தாமே எழுதப் பழகிக்கொண்டார்.

1925இல் 'ஜகன்மோகினி' என்ற மாத இதழைத் தம் பொறுப்பில் எடுத்து, 'வைதேகி' என்ற நாவலை அதில் தொடராக வெளியிட்டார். வடுவூர் துரைசாமி ஐயங்காரின் மர்ம நாவல்களுக்கு வாசகர்கள் காத்துக்கிடந்த காலம் அது. அதே வழியில் மர்மமும் துப்பறிதலும் கலந்து எழுத ஒரு பெண் புறப்பட்டுவிட்டார். "பொம்பிளைக்கு நாவல் எதற்கு?" என்ற ஏச்சுக்குக் குறைவிருக்கவில்லை. அவர் பேனாவைக் கீழே வைக்கவில்லை. கணவரும் துணை நின்றார். 1932இல் இந்திய விடுதலைப் போராட்டத்தில் சிறைக்கும் போனார். 1960இல் கண் மூடும்போது அவர் எழுதி முடித்திருந்த நாவல்கள் 115!

மர்மக் கதையின் சூட்சுமம் என்ன? முடிச்சை முதலில் போட வேண்டும். அவிழ்ப்பதைத் தள்ளிப்போட வேண்டும். அவிழும்போது, 'அட, இது நமக்கு முன்பே தெரிந்திருக்க வேண்டுமே!' என்று கேட்பவருக்குத் தோன்ற வேண்டும். 'மிச்சம் நாளைக்கு' என்று எழுந்து போன உம்மம்மாவுக்கு இதை எந்தப் பள்ளிக்கூடமும் சொல்லிக் கொடுக்கவில்லை.

"கதை படித்தால் பெண் பிள்ளை கெட்டுப்போவாள்" என்று சொல்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள். இலங்கையின் முதல் தமிழ் நாவல் எது தெரியுமா? 1885இல் வெளிவந்த 'அசன்பேயுடைய சரித்திரம்'. பச்சிளம் வயதில் களவாடப்பட்ட ஒரு பிள்ளையின் கதை. எழுதியவர் கண்டியைச் சேர்ந்த அறிஞர் சித்திலெவ்வை. 'முஸ்லிம் நேசன்' பத்திரிகையைத் தொடங்கியவரும், முஸ்லிம் பெண் பிள்ளைகளுக்குக் கல்வி வேண்டும் என்று பாடுபட்டவரும் அவரேதான். கதையைக் கெட்ட பொருளாக அவர் நினைத்திருந்தால் அதில் கை வைத்திருப்பாரா? எதைப் படிக்கிறோம் என்று தேர்ந்தெடுப்பது வேறு. படிப்பையே மூடிவைப்பது வேறு.

இனி, மனதை உறுத்தும் ஒன்றைச் சொல்கிறேன். உம்மம்மா மௌத்தாகிப் பல வருடங்களாகிவிட்டன. அவர் சொன்ன கதைகளில் முழுதாக ஒன்றுகூட எனக்கு நினைவில்லை. கதவைத் தட்டிய சத்தம் கேட்கிறது. தட்டியது யார் என்பது மறந்துவிட்டது. ராத்தாவைக் கேட்டேன். அவருக்கும் தெரியவில்லை. அந்தக் காலத்தில் எங்கள் வீட்டில் எழுதத் தெரிந்தவர்கள் ஐந்து பேர் இருந்தோம். கொப்பியும் பென்சிலும் இருந்தன. ஆனால், பக்கத்தில் உட்கார்ந்து எழுதிக்கொள்ள ஒருவருக்கும் தோன்றவில்லை. எங்கள் உம்மம்மாவுக்கு ஒரு பட்டம்மாள் கிடைக்கவில்லை.

சகோதரிகளே! உங்கள் வீட்டிலும் ஒரு மூத்தம்மா இருக்கலாம். இன்றிரவு அவர் பக்கத்தில் ஒரு கொப்பியோடு உட்காருங்கள். எழுத நேரமில்லையென்றால் கைத்தொலைபேசியில் அவர் குரலையாவது பதிந்து வையுங்கள். படிப்பை நிறுத்திக் கல்யாணம் முடித்துக் கொடுத்த மகளோ மருமகளோ அடுப்படியில் ஒளித்து வைத்து எதையாவது எழுதினால், பறிக்காதீர்கள், வாங்கிப் படியுங்கள். படித்துவிட்டு, "பிறகு என்ன நடந்தது?" என்று கேளுங்கள்.

அந்த ஒரு கேள்வி போதும். மிச்சத்தை அவள் எழுதிவிடுவாள்.