அழகாக இருந்தால் உண்மையாகிவிடுமா?

மாணவர்களே, கைப்பேசியில் விரலால் தள்ளித் தள்ளிப் படிக்கும் பதிவுகளைப் பார்த்திருப்பீர்கள். முதல் படவில்லையில் பெரிய எழுத்தில் ஒரு கேள்வி இருக்கும். அடுத்தடுத்த படவில்லைகளில் இரண்டு மூன்று வரிகள். கடைசியில் 'பகிருங்கள்' என்ற வேண்டுகோள். இவற்றைக் 'கேரசல்' பதிவுகள் என்பார்கள். மருத்துவர்கள், பொறியாளர்கள், நிறுவன அதிகாரிகள் கூடும் லிங்க்ட்இன் தளத்தில் இவை பெருகிவிட்டன. ஒரு மாலைப்பொழுது பிடித்த இந்த வேலையை இப்போது செயற்கை நுண்ணறிவுக் கருவிகள் ஓரிரு நிமிடங்களில் முடித்துவிடுகின்றன. தலைப்பைத் தந்தால் போதும். எழுத்து, வண்ணம், படம் எல்லாம் தயார்.

அண்மையில் என் வகுப்பு மாணவர்களிடம் டிங்கிக் காய்ச்சல் பற்றி எட்டுப் படவில்லைகள் தயாரிக்கச் சொன்னேன். ஒரு குழுவின் படைப்பு அச்சில் போடும் அளவுக்கு அழகாக இருந்தது. ஐந்தாம் படவில்லையில், 'இரவில் கொசுவலைக்குள் உறங்குங்கள். டிங்கியைத் தடுக்கலாம்' என்று இருந்தது. வகுப்பில் ஒருவர்கூட அதைக் கேள்வி கேட்கவில்லை.

இரவுக் கொசுவலை மலேரியாவுக்குப் பொருந்தும் அறிவுரை. மலேரியாவைப் பரப்பும் அனோபிலஸ் கொசு பெரும்பாலும் இரவில் கடிக்கும். டிங்கியைப் பரப்பும் ஏடிஸ் கொசுவோ பகலில், குறிப்பாகக் காலையிலும் மாலை மங்கும் நேரத்திலும் அதிகம் கடிக்கும். அந்தப் படவில்லையை நம்பும் குடும்பம் இரவில் வலை கட்டிவிட்டு நிம்மதியாக இருக்கும். பூந்தொட்டித் தட்டில் தேங்கிய தெளிந்த நீரை யாரும் கவனிக்கமாட்டார்கள். ஏடிஸ் முட்டை நீரில்லாமலும் பல மாதங்கள் தாக்குப்பிடிக்கும். ஆகவே நீரைக் கொட்டினால் மட்டும் போதாது, பாத்திரத்தின் உட்பக்கத்தைத் தேய்த்துக் கழுவவும் வேண்டும். இந்த முக்கியச் செய்தி எட்டுப் படவில்லைகளில் எங்குமே இல்லை.

கருவி ஏன் இப்படித் தவறுகிறது? இதன் உள்ளே இருப்பது பெரிய மொழி மாதிரி. கோடிக்கணக்கான வாக்கியங்களிலிருந்து, எந்தச் சொல்லுக்குப் பின் எந்தச் சொல் வரக்கூடும் என்பதை அது கற்றிருக்கிறது. 'கொசு', 'நோய்', 'தடுப்பு' என்ற சொற்களுக்கு அருகில் 'கொசுவலை' அடிக்கடி வந்திருக்கும். அதனால் இங்கும் வந்து ஒட்டிக்கொள்கிறது. எழுதியதைக் கருவி பின்னர் சிறு கட்டங்களுக்குள் அடக்க வேண்டும். அப்போது முதலில் வெட்டுப்படுபவை 'பெரும்பாலும்', 'இந்த நிபந்தனையில் மட்டும்' போன்ற சொற்கள். அறிவியலில் உண்மையைக் காப்பவை அந்தச் சொற்கள்தாம்.

இது செயற்கை நுண்ணறிவால் மட்டும் வந்த ஆபத்தன்று. 2003 ஜனவரி 16-ஆம் நாள் கொலம்பியா விண்ணோடம் புறப்பட்டபோது, வெளிப்புற எரிபொருள் கலனிலிருந்து பெயர்ந்த நுரைத் துண்டு அதன் இடது இறக்கையில் மோதியது. ஓடம் விண்ணில் இருக்கும்போதே பொறியாளர்கள் சேதத்தை ஆராய்ந்து நாசாவுக்குப் படவில்லைகளில் விளக்கினர். அவற்றுள் ஒன்றின் தலைப்பு நம்பிக்கையூட்டும்படி இருந்தது. கவலைக்குரிய செய்தி கீழே சிறிய வரியில் கிடந்தது: முன்பு சோதித்த துண்டின் கன அளவு 3 கன அங்குலம், இப்போது மோதியதாக மதிப்பிட்டதோ 1,920 கன அங்குலம். அதாவது 640 மடங்கு!

பிப்ரவரி 1-ஆம் நாள் பூமிக்குத் திரும்பும்போது கொலம்பியா சிதறியது. கல்பனா சாவ்லா உட்பட எழுவர் மாண்டனர். விபத்துக்குக் காரணம் நுரை மோதியதால் இறக்கையில் ஏற்பட்ட சேதம், படவில்லை அன்று. ஆயினும் அந்தப் படவில்லையைப் படிக்கும் உயர் அதிகாரி, உயிருக்கு ஆபத்தான நிலையைப் பற்றியது இது என்று உணராமல் போகக்கூடும் என விசாரணைக் குழுவின் அறிக்கை சுட்டிக்காட்டியது.

அந்தப் படவில்லைகளைச் செய்தவர்கள் திறமைமிக்க மனிதர்கள். எது தலைப்பு, எது சிறிய வரி என்று முடிவு செய்வது அவர்களுக்கே எளிதாக இருக்கவில்லை. அந்த முடிவை நாம் இன்று, பொருள் புரியாத கருவியிடம் ஒப்படைக்கிறோம். என் கவலை அதுதான்.

கருவியைத் தொடாதீர்கள் என்று நான் சொல்லவில்லை. வண்ணம், எழுத்துரு, பக்க அமைப்பு ஆகியவற்றை அதனிடம் தாராளமாக விடுங்கள். கைவண்ணம் குறைந்த மாணவர்களுக்கு அது நல்ல துணை. மூன்று வேலைகளை மட்டும் நீங்களே செய்யுங்கள். முதலாவது, கருவியைத் திறப்பதற்கு முன் உங்கள் பதிவு சொல்லவேண்டிய ஒரே செய்தியை நோட்டுப் புத்தகத்தில் ஒரு வாக்கியமாக எழுதுங்கள். அந்த வாக்கியம் வரவில்லையென்றால் பாடம் இன்னும் புரியவில்லை என்று பொருள். இரண்டாவது, ஒவ்வொரு எண்ணையும் அறிவுரையையும் பாடநூலிலோ சுகாதார அமைச்சின் வெளியீட்டிலோ ஒப்பிட்டுப் பாருங்கள். மூன்றாவது, கருவி எதை விட்டுவிட்டது என்று தேடுங்கள். மூன்றில் இதுவே கடினம். இருப்பதில் பிழை காண்பதைவிட இல்லாததைக் கண்டுபிடிக்க அதிக அறிவு தேவை.

என் மாணவர்கள் ஐந்தாம் படவில்லையைத் திருத்தி எழுதினார்கள். அதற்கு ஒரு முழுப் பாடவேளை பிடித்தது. ஏடிஸ் கொசு எப்போது கடிக்கும் என்று இப்போது அவர்களைக் கேட்டால், கைப்பேசியைப் பார்க்காமலே பதில் சொல்கிறார்கள். நாளை நீங்கள் மருத்துவராகவோ பொறியாளராகவோ ஆகி இத்தகைய பதிவுகளை வெளியிடும்போது, கீழே இருக்கப்போவது உங்கள் பெயர். அதற்கான பயிற்சியை இந்த வாரப் பள்ளிப் பணியிலேயே தொடங்குங்கள்.