மரத்தடி மாங்காயும் மணக்கும் ரசமும்

கோடைக் காற்று வீசும் மே மாதத்தில் பள்ளிக்கரணை, மேடவாக்கம் பகுதி வீடுகளுக்குச் சென்றால் ஒரு காட்சியைக் காணலாம். கொல்லையில் நிற்கும் ஒற்றை மாமரத்தின் அடியில் காயும் பழமும் உதிர்ந்து கிடக்கும். அவை குப்பைக்குப் போகும். அதே வீட்டு அம்மாள் கடைக்குச் சென்று ரசத்துக்குத் தக்காளி வாங்கி வருவார். இது வீண் செலவு என்பது என் கருத்து.

2023 ஜூலையில் சென்னையில் தக்காளி கிலோ 100 ரூபாயைத் தாண்டியது. நியாயவிலைக் கடைகளில் கிலோ 60 ரூபாய்க்கு அரசே விற்க நேர்ந்தது. அப்போது கிருஷ்ணகிரிப் பக்கம் கிளிமூக்கு மாங்காயின் பருவம் முடிந்திருக்கவில்லை. ஒரு புளிப்புக்குத் தட்டுப்பாடு வந்தபோது இன்னொரு புளிப்பு கைக்கெட்டும் தூரத்தில் இருந்தது.

"தக்காளி இல்லாமல் ரசமா?" என்று இல்லத்தரசிகள் கேட்கலாம். தக்காளி தென் அமெரிக்காவிலிருந்து வந்த பயிர். அது வருவதற்கு முன்பும் நம் வீடுகளில் புளியும் மாங்காயும் புளிப்பைத் தந்தன. தக்காளியின் புளிப்புக்கு முக்கியக் காரணமான சிட்ரிக் அமிலமே மாங்காயிலும் அன்னாசியிலும் உள்ளது. மாங்காய் பழுக்கும்போது அமிலம் குறையும். மாவுச்சத்து சர்க்கரையாக மாறும். எனவே இனிப்பும் புளிப்பும் சேர்ந்த ரசத்துக்கு முழுப் பழத்தைவிடச் செங்காயே ஏற்றது. நான் சொல்வது குடிக்கும் பழரசம் அல்ல. சோற்றில் ஊற்றிக்கொள்ளவும், சூப்பாக அருந்தவும் ஏற்ற ரசம்.

நால்வருக்கு நடுத்தரச் செங்காய் ஒன்று போதும். தோல் சீவி, துண்டுகளாக்கி, இரண்டு டம்ளர் நீரில் மஞ்சள்தூள், உப்பு, கீறிய பச்சை மிளகாயுடன் குழைய வேகவிட்டு மசிக்கவும். ஒரு கைப்பிடி துவரம் பருப்பை வேகவைத்துக் கரைத்துச் சேர்க்கவும். மிளகும் சீரகமும் ஒவ்வொரு தேக்கரண்டி எடுத்து, நான்கு பல் பூண்டுடன் தட்டிப் போடவும். நுரை கட்டி வரும்போதே இறக்கிவிட வேண்டும். கொதித்தால் மணம் போய்விடும். நெய்யில் கடுகு, பெருங்காயம், கறிவேப்பிலை தாளித்துக் கொத்தமல்லி தூவவும். பழம் மிக இனித்தால், இறக்கிய பின் அரை மூடி எலுமிச்சை பிழியலாம். காய் மிகப் புளித்தால் சிறிது வெல்லம் சேர்க்கலாம். மாம்பருவம் ஓய்ந்தபின் கொல்லிமலை அன்னாசியிலும் இம்முறையில் வைக்கலாம்.

சில எச்சரிக்கைகள். அலுமினியப் பாத்திரத்தையும் ஈயம் பூசாத பித்தளையையும் தவிர்த்து, எவர்சில்வரில் அல்லது மண்சட்டியில் வைக்கவும். உதிர்ந்தவற்றைத் தினமும் காலையில் பொறுக்கி, கழுவி, அடிபட்ட பகுதியை நீக்கியே பயன்படுத்த வேண்டும். புழு வைத்த பழத்தை மரத்தடியிலேயே விட்டுவிடக் கூடாது. பழ ஈயின் புழுக்கள் மண்ணுக்குள் சென்று கூட்டுப்புழுவாகி, மீண்டும் ஈயாக வெளிவரும். அத்தகைய பழங்களை இரண்டடி ஆழத்தில் புதைப்பது நல்லது. நீரிழிவு உள்ளவர்கள் செங்காயாகவே எடுத்து, வெல்லத்தைத் தவிர்க்கவும்.

இதில் விவசாயிகளுக்கும் செய்தி உண்டு. கிளிமூக்கு பெரும்பாலும் கூழ் ஆலைகளை நம்பிய ரகம். 2025 பருவத்தில் ஆலைகள் தந்த விலை சரிந்து, கிருஷ்ணகிரி விவசாயிகள் பெரும் துன்பத்துக்கு ஆளாயினர். ஒரு கிண்ணம் ரசம் அந்த விலையை நிமிர்த்திவிடும் என்று நான் சொல்லவில்லை. ஆனால் ஒரே வகை வாங்குவோரை நம்பியிருப்பதே ஆபத்து. 1999ல் தொடங்கப்பட்ட உழவர் சந்தைகளில், சிறிய காய்களையும் தோலில் மட்டும் வடுப்பட்டவற்றையும் தனியே தரம் பிரித்து, "ரசத்துக்கு ஏற்றது" என்று எழுதி, குறைந்த விலைக்கு வைத்துப் பார்க்கலாம். உருவத்தில் குறை உள்ள காய்க்குச் சுவையில் குறை இல்லை.

வாங்குவோரும் மனம் மாற வேண்டும். அடுத்த முறை தக்காளி விலை ஏறும்போது முதலில் கடைக்காரரைக் குறை கூறாமல், ஒருமுறை மரத்தடியைப் பாருங்கள்.