நான்கு ஐயர்களும் ஒரு ரிக்‌ஷாக்காரரும்

டெல்லி கணேஷ் நடித்த படங்கள் நானூறுக்கு மேல். அவற்றில் எத்தனை படங்களில் பூணூலோடு வந்தார் என்று எண்ணப் புகுந்தால் விரல் பத்தாது. ஒருவர் ஐயராக நன்றாகச் செய்துவிட்டார் என்றால் அடுத்த ஐயரையும் அவர் வீட்டு வாசலிலேயே கொண்டுபோய் நிறுத்துவது கோடம்பாக்கத்தின் வழக்கம். இதற்காக வருத்தப்பட வேண்டியவர்கள் நாம்தான். அவர் வருத்தப்பட்ட மாதிரி நடிப்பில் தெரியவில்லை.

‘சிந்து பைரவி’யின் (1985) மிருதங்கக்காரர் குருமூர்த்தி, குடித்துவிட்டுக் கச்சேரிக்கு வந்து பாடகரிடம் அவமானப்படுகிறவர். ‘நாயக’னில் (1987) வேலு நாயக்கருக்கு இந்தியை மொழிபெயர்த்துச் சொல்லும் ஐயர், தாதாக்களுக்கு நடுவே எச்சில் விழுங்கிக்கொண்டு நிற்பவர். ‘அவ்வை சண்முகி’யின் (1996) சேதுராம ஐயரோ உள்ளே ஒன்று வைத்துப் புறத்தே ஒன்று பேசுகிற ஆசாமி. இவர்களோடு ‘மைக்கேல் மதன காமராஜ’னின் (1990) பாலக்காட்டுச் சமையற்காரர் மணி ஐயரையும் சேர்த்து ஒரே பந்தியில் உட்கார வைத்தால், நால்வரும் ஒருவரையொருவர் உறவென்று சொல்லிக்கொள்ள மாட்டார்கள்.

நால்வரில் எனக்குப் பிடித்தவர் மணி ஐயர். தான் ஒரு சிரிப்புப் படத்தில் இருக்கிறோம் என்பதே அந்த மனிதருக்குத் தெரியாது. கல்யாணச் சாம்பாரில் மீன் விழுந்துவிட்டது. நமக்குச் சிரிப்பு, அவருக்கோ தொழிலும் மானமும் போகிற நேரம். அந்தப் பதற்றத்தை அவர் நிஜமாகவே உணர்ந்ததால்தான் கிரேசி மோகனின் வசனமும் கமலின் காமேஸ்வரனும் அப்படி எடுபட்டார்கள். எதிரே நிற்பவர் தானும் சிரிப்புக் காட்ட முயன்றிருந்தால் அந்தக் காட்சி படுத்திருக்கும். தமிழ் நகைச்சுவையில் பாதிப் பேருக்கு இன்றும் பிடிபடாத பாடம் இது.

இத்தனைக்கும் டெல்லி கணேஷ் பாலக்காட்டுக்காரர் அல்ல. தூத்துக்குடிப் பக்கம் வல்லநாடு. 1964 முதல் பத்து வருஷம் விமானப்படையில் வேலை. தலைநகரில் தட்சிண பாரத நாடக சபாவில் மேடையேறினார். ‘பட்டினப் பிரவேசம்’ மூலம் சினிமாவுக்குக் கொண்டுவந்த கே. பாலசந்தர்தான் பெயருக்கு முன்னால் டெல்லியை ஒட்டவைத்தார். ஊர் ஊராகத் திரிந்த காது கணேஷுடையது. எந்த வட்டாரப் பேச்சையும் அது பிடித்துக்கொண்டது.

கதாநாயகனாகவும் ஒரு படம் பண்ணிப் பார்த்தார், ‘எங்கம்மா மகாராணி’ (1981). அதைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. ‘அபூர்வ சகோதரர்க’ளில் (1989) நான்கு வில்லன்களில் ஒருவர். பிற்பாடு சின்னத்திரைத் தொடர்கள். எழுபது வயதுக்கு மேல், பேட்மேன் சென்னைக்காரனாக இருந்தால் எப்படியிருக்கும் என்று இளைஞர்கள் எடுத்த ஒரு கேலிப் படத்தில் பணியாள் ஆல்ஃபிரடாகவும் வந்தார். சம்பளத்தையும் அந்தஸ்தையும் பார்த்திருந்தால் வந்திருக்க மாட்டார்.

2024 நவம்பர் 9 இரவு, எண்பதாவது வயதில் காலமானார். அஞ்சலிக் கூட்டங்களிலும் தொலைக்காட்சிகளிலும் மணி ஐயர்தான் திரும்பத் திரும்ப வந்தார். நியாயம்தான். ஆனால் துரை இயக்கிய ‘பசி’யை (1979) யாரும் அவ்வளவாகக் காட்டவில்லை. அதில் ஷோபாவுக்கு அப்பா, குடிசைப் பகுதியில் வாழும் ரிக்‌ஷாக்காரர். ஷோபாவுக்குத் தேசிய விருது வாங்கிக் கொடுத்த படம் என்பதோடு நாம் நின்றுவிடுகிறோம். இந்த ஞாயிற்றுக்கிழமை மணி ஐயரை இன்னொரு தடவை பார்க்க உட்காருகிறவர்கள், தயவுசெய்து முதலில் அந்த ரிக்‌ஷாக்காரரைப் பார்த்துவிட்டு வாருங்கள்.