நகல் எடுத்தவன் திருடனா?



லிசேயில் படித்த நாட்களைப் பற்றித் தொடர்ந்து எழுதுவதாகப் போன பதிவில் சொல்லியிருந்தேன். அது அடுத்த வாரம். இந்த வாரம் கொஞ்சம் கோபமாக இருக்கிறேன். கோபம் ஆறுவதற்குள் எழுதிவிட வேண்டும்.

விடுமுறைக்கு மகன் குடும்பத்தோடு வந்திருந்தான். பத்து வயதுப் பேரன் திண்ணையில் உட்கார்ந்து, உள்ளங்கை அளவுள்ள ஒரு கருவியில் கேம் விளையாடிக்கொண்டிருந்தான். அப்போது என் நண்பர் வந்தார். என்னைப் போலவே அரசு உத்தியோகத்தில் இருந்து ஓய்வு பெற்றவர். கடற்கரைச் சாலையில் தினமும் காலையில் நாங்கள் சேர்ந்துதான் நடப்போம்.

"என்ன தம்பி விளையாடுற?" என்று கேட்டார்.

"அப்பாவோட பழைய கேம் தாத்தா. அப்பாவே இதுல ஏத்திக் கொடுத்தாங்க."

"ஏத்தினதா? அப்ப திருட்டு கேம்னு சொல்லு!"

சிரித்தார், காபி குடித்தார், போய்விட்டார். விளையாட்டாகச் சொன்னதுதான். ஆனால் அன்று இரவு பேரன் என் பக்கத்தில் படுத்துக்கொண்டு மெல்லக் கேட்டான்: "தாத்தா, அப்பா திருடிட்டாங்களா?" இல்லை என்றேன். நம்பவில்லை. ஊருக்குக் கிளம்பும்போது அந்தக் கருவியை எடுத்துக்கொள்ளவும் இல்லை. இப்போது என் மேஜை மேல் கிடக்கிறது.

நண்பர் சொன்னதைப் பலரும் நம்புகிறார்கள். அதனால்தான் இதைப் பொதுவில் எழுதுகிறேன்.

முதலில் விஷயம் என்னவென்று சொல்லிவிடுகிறேன். நம் பிள்ளைகள் சின்ன வயதில் டிவியோடு இணைத்து விளையாடிய வீடியோ கேம் நினைவிருக்கும். அதற்குள் செருகும் பிளாஸ்டிக் பெட்டியைக் கேசட் என்போம். அந்த இயந்திரங்கள் இன்று பெரும்பாலும் ஓடுவதில்லை. ஆனால் பழைய இயந்திரம் செய்ததையெல்லாம் அப்படியே செய்து காட்டும் மென்பொருள் இருக்கிறது. எமுலேட்டர் என்பார்கள். அதைப் போட்ட சின்னக் கருவிகள் இப்போது மலிவாக வருகின்றன. பழைய கேசட்டில் இருப்பதை நகலெடுத்து மெமரி கார்டில் போட்டால் அந்த கேம் மறுபடி ஓடும். 'கேம் ஏற்றுவது' என்பது இதுதான்.

என் மகன் ஏற்றியது எது என்று கேளுங்கள். 1994-இல் பாரீசிலிருந்து லீவில் வந்த என் தம்பி, அவனுக்கு ஒரு கேம்பாய் கொண்டுவந்து கொடுத்தான். கூடவே 'தி லெஜண்ட் ஆஃப் செல்டா: லிங்க்ஸ் அவேக்கனிங்' என்ற கேசட். முறைப்படி கடையில் காசு கொடுத்து வாங்கியது. கப்பல் உடைந்து ஒரு தீவில் ஒதுங்கும் பையனின் கதை. பிரான்சில் வாங்கியதால் திரையில் வந்த வசனம் எல்லாம் பிரெஞ்சு. மகனுக்குப் பிரெஞ்சு தெரியாது. ஆபீஸ் விட்டு வந்ததும் நான் கண்ணாடியை மாட்டிக்கொண்டு அவன் பக்கத்தில் உட்கார்ந்து, ஒவ்வொரு வரியாகப் படித்துத் தமிழில் சொல்ல வேண்டும். அதற்கு நாலு பென்டார்ச் செல் வேண்டும். தீர்ந்துபோனால் தெருமுனைக் கடைக்கு ஓடுவான். நான் படித்த பிரெஞ்சு வீட்டில் ஒருவருக்குப் பயன்பட்டது என்றால் அந்த ஒரு வருடம்தான்.

அந்தக் கேசட்டுக்குள் கைக்கடிகாரத்தில் போடுவது போல ஒரு பொத்தான் செல் உண்டு. எதுவரை விளையாடினோம் என்பதை நினைவில் வைத்திருப்பது அதுதான். மகன் சென்ற ஆண்டு பரணிலிருந்து கேசட்டை எடுத்துப் பார்த்தபோது செல் செத்துப்போயிருந்தது. ஐந்து எழுத்தில் அவன் எழுதி வைத்திருந்த பெயரும், அவன் போய்ச் சேர்ந்த இடமும் அழிந்துவிட்டன. கேம் மட்டும் மிச்சம் இருந்தது. அதுவும் என்றைக்குப் போகுமோ என்று, ஒரு சின்னப் பெட்டி வாங்கி, கேசட்டை அதில் செருகி, கணினியில் நகல் எடுத்தான். மொத்தமே 512 கிலோபைட். நாம் வாட்ஸ்அப்பில் அனுப்பும் காலை வணக்கப் படங்களில் சில அதைவிடப் பெரியவை.

இதுவா திருட்டு?

நான் முப்பத்தேழு வருடம் குமாஸ்தாவாக இருந்தவன். அதில் பாதி ரிக்கார்டு ரூமில் கழிந்தது. கரையான் தின்ற பதிவேட்டைப் பிரித்தபோது உள்ளே பொடியாய்க் கொட்டியதைக் கையில் வாரியிருக்கிறேன். அந்தப் பொடிக்குள் யாரோ ஒருவருடைய மனை, யாரோ ஒருவருடைய வாரிசு உரிமை இருந்தது. அப்போதெல்லாம் நான் கேட்ட கேள்வி ஒன்றுதான்: இதற்கு இன்னொரு பிரதி எங்காவது இருக்கிறதா?

நம் ஊர்க்காரர்களுக்கு இதை நான் சொல்லத் தேவையில்லை. 1776 ஜூனில் பிரெஞ்சு அரசர் ஓர் ஆணை போட்டார். குடியேற்ற நாடுகளில் எழுதப்படும் பிறப்பு, திருமண, இறப்புப் பதிவேடுகளுக்கும் நொத்தேர் பத்திரங்களுக்கும் கூடுதலாக ஒரு பிரதி எடுத்து வெர்சாய்க்கு அனுப்ப வேண்டும் என்பது அந்த ஆணை. வெயிலும் பூச்சியும் புயலும் உள்ள ஊர்களில் ஒரே பிரதியை நம்பக்கூடாது என்று அன்றைக்கே தெரிந்திருக்கிறது. அப்படிப் போன பதிவேடுகள் இன்று எக்ஸ்-ஆன்-புரோவான்ஸ் நகரில் உள்ள ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. புதுச்சேரி, காரைக்கால் பதிவேடுகளை இணையத்திலேயே பார்க்கலாம். பாட்டனார் பிறப்புப் பதிவைத் தேடி எத்தனை சொல்தா வீட்டுப் பிள்ளைகள் அலைந்தார்கள் என்பது உங்களுக்கே தெரியும். அவர்களைக் காப்பாற்றியது நகல்தான்.

"பிறப்புப் பதிவும் கேமும் ஒன்றா?" என்று நண்பர் கேட்பார். தமிழின் முதல் பேசும் படம் 'காளிதாஸ்' 1931-இல் வந்தது. இன்று அதைப் பார்க்க ஒரு பிரதிகூடக் கிடையாது. அதற்கு முன் வந்த மௌனப் படம் 'கீசக வதம்' கதியும் அதேதான். அன்றைக்கு யாரோ ஒருவர் "சினிமாதானே" என்றிருப்பார். அந்த 'தானே'க்கு நாம் கொடுத்த விலை பெரிது.

பிரான்சில் 1537-இலேயே, அச்சாகும் ஒவ்வொரு நூலிலும் ஒரு பிரதி அரசு நூலகத்துக்குத் தர வேண்டும் என்று பிரான்சுவா மன்னர் விதித்தார். 1992-இல் அந்தச் சட்டத்தை மென்பொருளுக்கும் விரித்தார்கள். இன்று பாரீஸ் தேசிய நூலகத்தில் வீடியோ கேம்களும் பாதுகாக்கப்படுகின்றன. எல்லா நாட்டிலும் இப்படி இல்லை. அமெரிக்காவில் 2010-க்கு முன் வெளியான கேம்களில் 87 சதவீதம் இன்று விற்பனையில் இல்லை என்று வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023-இல் கணக்கெடுத்துச் சொன்னது. காசு கொடுக்கிறேன் என்றாலும் வாங்க முடியாது. சரி, நூலகங்கள் வைத்திருக்கும் பழைய கேம்களை ஆய்வாளர்கள் தங்கள் இடத்திலிருந்தே பார்க்க அனுமதி கொடுங்கள் என்று கேட்டார்கள். 2024 அக்டோபரில் அதையும் மறுத்துவிட்டார்கள். பொழுதுபோக்குக்கு விளையாடிவிடுவார்களோ என்ற கவலையும் அதில் ஒரு காரணம்! நூலகத்தில் நாவலை யாராவது இன்பத்துக்காகப் படித்துவிடுவார்கள் என்று பயந்து பூட்டு போட்டதுண்டா?

அமெரிக்கச் சட்டப்படி நிறுவனப் படைப்புக்கு 95 ஆண்டு பதிப்புரிமை. 1985-இல் வந்த 'சூப்பர் மாரியோ பிரதர்ஸ்' 2080 முடியும்வரை பூட்டுக்குள். கேசட்டும் சர்க்யூட்டும் அதுவரை தாங்குமா? கேப்காம் நிறுவனம் 1993 முதல் கடைகளில் காசு போட்டு ஆடும் இயந்திரங்களுக்குச் செய்த சி.பி.எஸ்-2 பலகையின் கதையைக் கேளுங்கள். நகல் எடுக்க முடியாதபடி பூட்டி, பூட்டின் சாவியை ஒரு பேட்டரியின் உயிரில் வைத்திருந்தார்கள். பேட்டரி செத்தால் சாவி போச்சு, கேமும் போச்சு. 2001-இல் ஆர்வலர்கள் சிலர் அந்தப் பூட்டைத் திறந்தார்கள். இல்லாவிட்டால் அந்தப் பலகைகள் ஒவ்வொன்றாக வெறும் தகரமாகியிருக்கும்.

நிறுவனங்களின் நியாயத்தையும் பாருங்கள். எமுலேட்டர் செய்த ஒரு சிறு நிறுவனத்தின் மேல் சோனி வழக்குப் போட்டது. 2000-இல் மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் சோனிக்குத் தோல்வி. பதினெட்டு வருடம் கழித்து 2018-இல் அதே சோனி, பிளேஸ்டேஷன் கிளாசிக் என்று 20 பழைய கேம்களோடு ஒரு சின்னப் பெட்டி விற்றது. அதற்குள் ஓடியது ஆர்வலர்கள் இலவசமாக எழுதி வைத்த எமுலேட்டர்! நிண்டெண்டோ 2016 நவம்பரில் 30 கேம்களோடு என்.இ.எஸ். கிளாசிக் வெளியிட்டது. உள்ளே இருந்தது சின்ன லினக்ஸ் கணினி. நினைவகத்தில் எக்கச்சக்க இடம் காலி. இரண்டே மாதத்தில், அந்த இடத்தில் வேறு கேம்களை ஏற்றும் வழியை ஜனங்கள் கண்டுபிடித்துவிட்டார்கள். முப்பதோடு நிறுத்திக்கொள் என்று நிறுவனம் சொன்னால், என் அலமாரியில் இருக்கும் முப்பத்தோராவது கேசட்டை நான் என்ன செய்வது?

மறுபக்கத்தையும் சொல்லாவிட்டால் நான் நேர்மையான குமாஸ்தா இல்லை.

மகன் வாங்கிய கருவியோடு ஒரு மெமரி கார்டும் வந்தது. அதில் ஆயிரக்கணக்கான கேம்கள். விற்றவர் எந்த உரிமையும் இல்லாமல் அடைத்து, அதையே விளம்பரமாக்கிக் காசு பார்த்திருக்கிறார். அது திருட்டு வியாபாரம். மகன் அந்தக் கார்டைக் கழற்றிவிட்டுப் புதுக் கார்டு போட்டான். இன்னொன்றும் ஒப்புக்கொள்கிறேன். 1993-இல் கடைத்தெருவில் நான் பெருமையாக வாங்கி வந்த 'அறுபத்து நாலு கேம்' கேசட்டும் திருட்டு நகல்தான். அன்று எனக்குத் தெரியாது. அதை மகன் ஏற்றியிருந்தால் நண்பர் சொன்னதில் பாதி உண்மையாகியிருக்கும். அவன் ஏற்றவில்லை. இன்றைக்கும் கடையில் கிடைக்கிற கேமை வாங்காமல் இறக்கிக்கொள்வதையும் நான் ஆதரிக்கவில்லை. எழுதியவனுக்குக் கூலி சேர வேண்டும்.

ஆனால் காசு கொடுத்து வாங்கியதைக் காப்பாற்ற நகலெடுப்பவன், யாருமே விற்காத படைப்பு அழியாமல் வைத்திருப்பவன், ஊரான் உழைப்பை மூட்டை கட்டி விற்பவன், மூவருக்கும் 'திருடன்' என்ற ஒரே பட்டத்தைக் கொடுக்காதீர்கள். நம் நாட்டில் 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52-ஆவது பிரிவு, கணினி நிரலை முறைப்படி வைத்திருப்பவர் அது அழிந்துபோகாமல் இருக்கப் பிரதி எடுத்துக்கொள்ள இடம் தருகிறது. வேறொரு கருவியில் வைத்து ஆடுவதற்கு அது எவ்வளவு தூரம் நீளும் என்று வக்கீல்கள் வாதாடலாம். வாதாடும் நிலை இருக்கக்கூடாது, தெளிவாக எழுதி வையுங்கள் என்பதுதான் என் கோரிக்கை. விற்பனையில் இல்லாததை நூலகங்கள் இரவல் கொடுக்கட்டும். ஆயிரம் கேம் அடைத்து விற்பவரை அதிகாரிகள் பிடிக்கட்டும்.

எங்கள் காலத்தில் 'கோப்பி கொன்ஃபோர்ம்' என்று முத்திரை குத்திக் கொடுப்பார்கள். அசலுக்கு ஒப்பான பிரதி என்று பொருள். அந்தத் தாளை வைத்துத்தான் வேலைக்குப் போனோம், கல்யாணம் செய்தோம், பென்ஷன் வாங்கினோம். அசலைத் திருடிவிட்டாய் என்று யாரும் சொல்லவில்லை.

நாளை மறுநாள் சென்னைக்குப் போகும் உறவினர் ஒருவரிடம் பேரனுடைய கருவியைக் கொடுத்தனுப்புகிறேன். கூடவே அந்தப் பழைய கேசட்டையும் வைக்கிறேன். இது உன் அப்பாவுடையது, சின்னத் தாத்தா காசு கொடுத்து வாங்கியது, கருவியில் இருப்பது இதன் நகல் என்று ஒரு சீட்டும் எழுதிவிட்டேன். கேமில் வரும் வசனம் புரியாவிட்டால் இரவு போன் செய்யச் சொல்லியிருக்கிறேன். படித்துச் சொல்ல ஆள் இருக்கிறது.

நண்பருக்கு இந்தப் பதிவை நாளைக் காலை நடையில் நானே படித்துக் காட்டுகிறேன். காபி செலவு அவருடையது.