மால்குடிக்குத் திரும்பும் வழி

மால்குடி என்ற கற்பனை ஊரைப் படைத்த எழுத்தாளர் ஆர்.கே. நாராயண் மைசூரு யாதவகிரியில் வாழ்ந்த வீடு 2016 முதல் அருங்காட்சியகமாக இருக்கிறது. அரண்மனை, சாமுண்டி மலை என்று சுற்றிவிட்டு ஊர் திரும்பும் தமிழ்ப் பயணிகள் இங்கும் அவசியம் வர வேண்டும். வீட்டைவிட்டுப் போவதையும் திரும்புவதையும் இவ்வளவு பரிவோடு எழுதியவர்கள் குறைவு.

1935இல் வெளியான ‘சுவாமி அண்ட் ஃபிரெண்ட்ஸ்’ நாவலில், அடிக்குப் பயந்து ஓடும் சிறுவன் சுவாமி காட்டில் வழி தவறுகிறான். மயங்கிக் கிடந்தவனை ஒரு வண்டிக்காரர் கண்டெடுக்கிறார். அதோடு முடிந்திருந்தால் அது வெறும் சாகசக் கதை. வீடு வந்தவனுக்குக் காத்திருப்பது வேறு. அவன் ஆட வேண்டிய கிரிக்கெட் போட்டி முடிந்து, அணி தோற்றிருக்கிறது. உயிர் நண்பன் ராஜம் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. பிள்ளைகளுக்கான கதையில் திரும்பி வருவதன் விலையை இப்படி ஒளிக்காமல் சொன்னதுதான் நாராயணின் பெருமை.

அவருடைய ‘பேச்சிலர் ஆஃப் ஆர்ட்ஸ்’ நாவலின் சந்திரன் காதல் கைகூடாமல் காவி உடுத்தி அலைகிறான். கிராமத்தார் காட்டும் பக்தி உறுத்தவே, பெற்றோரிடம் திரும்புகிறான்.

‘தி கைடு’ நாவலின் ராஜு மட்டும் சிறையிலிருந்து வந்தும் வீடு திரும்பாமல் ஆற்றங்கரைக் கோயிலில் தங்கிவிடுகிறான். மைசூருவில் மழை பொய்த்தபோது ஆற்றில் நின்று நடத்திய வேண்டுதலே இக்கதைக்கு வித்து. அதை நாராயண் எழுதியதோ அமெரிக்காவின் பெர்க்லியில்!

மைசூருக்குச் சுற்றுலா அழைத்துச் செல்லும் தமிழகப் பள்ளிகள், கிளம்பும் முன் சுவாமியின் காட்டு அத்தியாயத்தை வகுப்பில் வாசிக்கலாம்.