வண்டுச் சத்தமும் வளைய விசிறியும்

போன வருடம் வன்னியில் எங்கள் ஊர்க் கோயில் தேருக்குப் போயிருந்தேன். தேர் வடக்கு வீதிக்குத் திரும்புகிற நேரம், வெளிநாட்டிலிருந்து வந்த குடும்பம் ஒன்று ஒழுங்கு செய்திருந்த ட்ரோன் கமரா மேலே எழும்பியது. பிள்ளைகள் கையசைத்தார்கள். பக்கத்தில் நின்ற சித்தி அர்ச்சனைத் தட்டை என் கையில் தந்துவிட்டு மடப்பள்ளிப் பக்கம் போய்விட்டார். தேர் இருப்புக்கு வரும்வரை அவர் வெளியே வரவில்லை. ஏன் என்று நான் கேட்கவில்லை. 2009 மே வரை அந்த மண்ணில் இருந்த எவரும் அப்படிக் கேட்கமாட்டார்கள்.

அந்தச் சத்தத்துக்கு நாங்கள் வைத்த பெயர் வண்டு. விமானப்படை பயன்படுத்திய ‘சேர்ச்சர்’, ‘புளூ ஹொரைசன்’ ஆகிய இஸ்ரேலியத் தயாரிப்புகள் உளவு பார்க்கும் ஆளில்லா விமானங்கள். பெற்றோலில் ஓடும் ஒரு சிறு என்ஜின், பின்னாலிருந்து தள்ளும் ஒரு விசிறி, இவ்வளவுதான். அவை குண்டு போடவில்லை. ஆனால் வண்டு நின்று சுற்றினால் கிபிர் வரும், அல்லது செல் வரும் என்பதை நாங்கள் பாடமாகப் படித்திருந்தோம். எனக்கு அப்போது 17 வயது. இரைச்சல் ஒரே இடத்தில் வட்டமடிக்கிறதா, கடந்து போகிறதா என்று காதால் பிரிக்கத் தெரியும். சமைக்கிற அடுப்பை அணைப்பதா, பிள்ளைகளைப் பங்கருக்குள் இறக்குவதா என்பதை அம்மா அந்தச் சத்தத்தை வைத்தே முடிவெடுத்தார். வெறுத்த சத்தம்தான். எங்களுக்கு இருந்த ஒரே முன்னறிவித்தலும் அதுதான்.

தேர் முடிந்தபின் ட்ரோன் ஓட்டிய பொடியனிடம் சித்தியைப் பற்றிச் சொன்னேன். அவன் 2005இல் பிறந்தவன். சங்கடப்பட்டான். பிறகு கைபேசியை நீட்டி, “அண்ணை, இதப் பாருங்கோ. அடுத்த முறை சத்தமில்லாத விசிறி போட்டிடுவம்” என்றான். திரையில் இருந்தது வளைய விசிறி. 2023 தொடக்கத்தில் உலகம் முழுக்கப் பகிரப்பட்ட அதே உருவம். பார்த்த நாளிலிருந்து அந்த விசிறியைத் தேடிப் படித்துக்கொண்டிருக்கிறேன்.

வழமையான விசிறியில் இரண்டு, மூன்று இதழ்கள் தனித்தனியாக விரிந்து நிற்கும். வளைய விசிறியில் ஒவ்வொரு இதழும் வெளியே போய், வளைந்து, திரும்பி நடுவுக்கே வந்து சேரும். எழுத்துக்குப் போடும் சுழி மாதிரி. எங்கு தேடினாலும் இதழுக்கு நுனி கிடையாது.

நுனியில் என்ன பிழை? விசிறியின் ஒவ்வொரு இதழும் ஒரு சின்ன இறக்கை. சுழலும்போது ஒரு பக்கத்தில் அழுத்தம் கூடும், மறுபக்கத்தில் குறையும். அந்த வித்தியாசம்தான் படகைத் தள்ளுகிறது, ட்ரோனைத் தூக்குகிறது. நுனியில் மட்டும் ஒரு கள்ளவழி இருக்கிறது. அழுத்தம் கூடிய பக்கத்துக் காற்று நுனியைச் சுற்றி மறுபக்கத்துக்கு நழுவும், நழுவும்போது முறுகிச் சுழியாகும். தள்ளுவதற்குப் பயன்பட்டிருக்க வேண்டிய சக்தி அந்தச் சுழியில் வீணாகிறது. பின்னால் வரும் இதழ் அந்தச் சுழியோடு மோதும்போது எழும் ஒலியும் ட்ரோனின் இரைச்சலில் ஒரு பங்கு. தண்ணீரில் சேதம் இன்னும் கூட. சுழியின் நடுவில் அழுத்தம் மிகத் தாழ்ந்து, சூடேறாமலே கடல்நீர் கொதித்துக் குமிழியாகும். குமிழிகள் உடையும் அடியில் உலோகமே அரிபடும். பழைய படகு விசிறியை எடுத்துப் பார்த்தால் அம்மைத் தழும்பு மாதிரிக் குழிகள் தெரியும்.

வளையம் இந்தக் கள்ளவழியை அடைக்கப் பார்க்கிறது. ஒரு புள்ளியில் திரண்டு முறுகவேண்டிய சுழி, வளைவு முழுக்கப் பரவி மெலிந்து போகிறது.

இது முற்றிலும் புதிய யோசனையும் அல்ல. 1909இல் ஆங்கிலக் கால்வாயை விமானத்தில் கடந்த பிரெஞ்சுக்காரர் லூயி பிளேரியோ, 1906இலேயே இறக்கைகளை நீள்வட்ட வளையமாக மூடிய ஒரு விமானம் கட்டினார். அது தரையை விட்டு எழும்பவே இல்லை. 1930களில் ஜேர்மனியரான லுட்விக் கோர்ட் விசிறியைச் சுற்றி ஒரு குழாய் வளையம் போட்டார். மெதுவாக ஓடி அதிக பாரம் இழுக்கும் கப்பல்களில் இன்றும் அது உண்டு. கட்டுநாயக்கவில் விமானம் ஏறியவர்கள் இறக்கையின் நுனி மேல்நோக்கி மடிந்திருப்பதைக் கண்டிருப்பீர்கள். 1970களில் நாசாவின் ரிச்சர்ட் விற்கொம் ஆராய்ந்து கொண்டுவந்த அந்த மடிப்பும் இதே நுனிச் சுழியை அடக்கத்தான். இயற்கையில் எனக்குப் பிடித்த உதாரணம் டாண்டிலியன் என்ற குளிர்நாட்டுப் பூவின் விதை. எங்கள் எருக்கலைப் பஞ்சு மாதிரி மிதக்கும். அதன் தும்புக் குடைக்கு மேலே, எதிலும் ஒட்டாமல், காற்றாலான ஒரு வளையம் நின்று விதையைத் தாங்குகிறது என்று எடின்பரோ பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2018இல் காட்டினார்கள்.

இந்த விசிறி முதலில் சந்தைக்கு வந்தது கடலுக்குத்தான். அமெரிக்கரான கிரெக் ஷாரோ இசை நிகழ்ச்சிகளைப் படம்பிடிப்பவர். ட்ரோனின் சத்தம் ஒலிப்பதிவைக் கெடுக்கிறது என்பதற்காக 2012இல் வேறு வடிவம் தேடத் தொடங்கி, கடைசியில் படகு விசிறி விற்கும் நிறுவனம் ஒன்றின் தலைவரானார். எரிபொருளில் 30 சதவீதம் வரை மிச்சம் பிடிக்கலாம் என்பது அந்த நிறுவனத்தின் கூற்று. விற்பவர் சொல்லும் கணக்கு, அதுவும் குறிப்பிட்ட வேகங்களுக்குத்தான். பாதியாகக் குறைத்து 15 என்று வைத்தாலும் எங்கள் கரைக்கு அது சின்ன விடயமல்ல. 2022 ஓகஸ்டில் மண்ணெண்ணெய் லீற்றர் 87 ரூபாயிலிருந்து ஒரே இரவில் 340 ரூபாய் ஆனது. 20 லீற்றர் ஊற்றிக் கடலுக்குப் போனவருக்கு 1,740 ரூபாய்ச் செலவு 6,800 ஆகியது. அந்த நாட்களில் என்ஜினைக் கழற்றி வீட்டு விறாந்தையில் சாத்திவைத்தவர்களை நான் முல்லைத்தீவில் கண்டிருக்கிறேன்.

அப்படி நின்ற ஒருவருக்கு வளைய விசிறியின் படத்தைக் காட்டினேன். கைபேசியை வாங்கிப் பெருப்பித்துப் பார்த்தார். “வடிவாத்தான் இருக்கு தம்பி. ஆனா வலை சுத்தினா எந்தப் பக்கத்தால வெட்டி எடுக்கிறது?” என்றார். அடுத்த கேள்வி விலை. 2023இல் அறிவிக்கப்பட்ட விலை ஏறக்குறைய 5,000 டொலர். எங்கள் காசில் 15 இலட்சம் வரும் என்றதும் சிரித்துவிட்டுக் கைபேசியைத் திருப்பித் தந்தார். இப்போதுள்ள அலுமினிய விசிறி கல்லில் அடிபட்டு வளைந்தால் வெல்டிங் கடையில் தட்டி நிமிர்த்தி அராவிப் போடலாம். வளையம் நெளிந்தால் தட்டுவதற்குக் கடைக்காரரின் சுத்தியல் உள்ளே போகாது. வளையத்தை மேம்பட்ட கணினி வெட்டுப்பொறியில்தான் செதுக்கலாம், விலைக்கு முக்கிய காரணமும் அதுவே.

அந்த வெட்டுப்பொறிக்கு ஒரு பழைய கதை உண்டு. 1980களின் தொடக்கத்தில் ஜப்பானின் தோஷிபா குழும நிறுவனம் ஒன்று, விசிறி செதுக்கும் மிகப்பெரிய வெட்டுப்பொறிகளைச் சோவியத் ஒன்றியத்துக்கு விற்றது. அவற்றை இயக்கும் கணினிக் கட்டுப்பாட்டைக் கொடுத்தது நோர்வேயின் கொங்ஸ்பேர்க். 1987இல் இது அம்பலமானது. சோவியத் நீர்மூழ்கிகளின் விசிறி இனிச் சத்தம் போடாது, எங்களால் அவற்றைக் கண்டுபிடிக்க முடியாது என்று வாஷிங்டன் கொதித்தது. காங்கிரஸ் உறுப்பினர்கள் சிலர் நாடாளுமன்றப் புல்வெளியில் நின்று தோஷிபா வானொலிப் பெட்டியைச் சம்மட்டியால் அடித்து நொறுக்கினார்கள். கேலிக்கூத்துத்தான். ஆனாலும் விசிறியின் ஓசை என்பது யாருக்கு என்ன பொருள் தரும் என்பதை அந்தப் புல்வெளியில் நின்றவர்கள் சரியாகவே புரிந்திருந்தார்கள். இன்றும் நீர்மூழ்கி கரையேறினால் முதலில் துணிபோட்டு மூடப்படுவது அதன் விசிறி.

இனி வானத்துக்கு வருவோம். ட்ரோனுக்கான வளைய விசிறியை உருவாக்கியது எம்.ஐ.டி.யின் லிங்கன் ஆய்வுகூடம். 2022இல் அதற்கு ‘ஆர் அன்ட் டி 100’ விருது கிடைத்தது. பொதி விநியோகம், படப்பிடிப்பு போன்றவற்றுக்கு ட்ரோன்களை மக்கள் ஏற்காததற்கு இரைச்சல் ஒரு காரணம், அதைக் குறைக்கிறோம் என்பது அவர்கள் விளக்கம். எங்கள் காதுகள் மிகக் கூர்மையாகக் கேட்பது ஏறத்தாழ 1,000 முதல் 5,000 ஹேர்ட்ஸ் வரையான ஒலியை. அந்த வரம்பில் சத்தத்தைத் தாழ்த்துவதுதான் இந்த வடிவத்தின் இலக்கு. செய்திகளில் பெரும்பாலும் விடுபட்ட ஒரு விபரம்: லிங்கன் ஆய்வுகூடம் 1951இல் தொடங்கப்பட்டது, அமெரிக்கப் பாதுகாப்புத் திணைக்களத்தின் நிதியில் இயங்குவது. விசிறி போருக்காகவே செய்யப்பட்டது என்று இதை வைத்து நான் சொல்லவரவில்லை. ஆனால் “சத்தமில்லாத ட்ரோன் வருகிறது, இனி நிம்மதி” என்று தலைப்பிட்டவர்கள் ஒருபோதும் ட்ரோனுக்குக் கீழே வாழ்ந்திருக்க மாட்டார்கள் என்று சொல்வேன்.

வாழ்ந்தவர்கள் எல்லோரும் அதற்குச் சத்தத்தை வைத்தே பெயர் வைத்திருக்கிறார்கள். காஸாவில் அது ‘சன்னானா’, ரீங்காரமிடுவது. ஈரானின் ‘ஷாஹெட்’ ட்ரோனை உக்ரைனியர்கள் ‘மொபெட்’ என்கிறார்கள். எங்களுக்கு வண்டு. பார்ப்பதற்கு முன் கேட்டது என்பதால் வந்த பெயர்கள். உக்ரைன் இந்தக் கேட்டலை ஒரு பாதுகாப்பு வலையாகவே கட்டியிருக்கிறது. நாடு முழுக்கக் கம்பங்களில் ஏறக்குறைய 10,000 ஒலிவாங்கிகள், ஒவ்வொன்றும் சில நூறு டொலர்தான். ஷாஹெட்டின் இரைச்சலைப் பிடித்து அது போகும் திசையைக் கணித்துச் சுடும் குழுக்களுக்கு அனுப்புகின்றன. 17 வயதில் நாங்கள் காதால் செய்ததை அங்கே கணினி செய்கிறது.

நாளைக்கே இந்த வலை செவிடாகிவிடும் என்று பயமுறுத்துவதும் நேர்மையில்லை. ஷாஹெட்டின் சத்தத்தில் பெரும்பங்கு அதன் என்ஜினுடையது. விசிறியை வளைத்தால் என்ஜின் வாய்மூடாது. எங்கள் வண்டுக்கும் அது பொருந்தும். பற்றரியில் ஓடும் சிறிய ட்ரோன்களில் விசிறிதான் பிரதான சத்தம் என்பதால் அங்கேதான் மாற்றம் தெரியும். அங்கும் முப்பரிமாண அச்சில் வளைய விசிறி வார்த்துச் சோதித்த ஆர்வலர்கள் பலர், பாரம் கூடுகிறது, தூக்கும் சக்தி குறைகிறது, பற்றரி வேகமாகத் தீர்கிறது என்று எழுதியிருக்கிறார்கள். நன்றாக வடிவமைத்த சாதாரண விசிறியே பல இடங்களில் போதுமாக இருக்கிறது. காணொளிகள் காட்டிய மாயம் அவ்வளவு மாயமில்லை.

ஆனால் போகும் திசை தெளிவு. வளையமோ வேறொன்றோ, ட்ரோன்கள் அமைதியாகிக்கொண்டே வரும். இயற்கையில் சத்தமில்லாமல் பறப்பதற்குப் பேர்போனது ஆந்தை. முன்விளிம்பில் சீப்புப் பல், பின்விளிம்பில் தும்பு, மேலே வெல்வெட் மாதிரி ஒரு படலம் என்று அதன் இறகே காற்றின் ஓசையைக் குழப்பிக் கரைத்துவிடும். பொறியியல் சஞ்சிகைகள் ஆந்தையைப் போற்றி எழுதுகின்றன. எலிப் பக்கத்திலிருந்து எழுதப்பட்ட கட்டுரை எதையும் நான் இன்னும் படிக்கவில்லை.

சத்தம் போனால் அதனிடத்தில் என்ன வரும் என்பதைத்தான் நாங்கள் கேட்கவேண்டும். அமெரிக்காவில் 2023 செப்டெம்பரிலிருந்து, பதிவுசெய்யவேண்டிய ட்ரோன்கள் தம் அடையாளத்தையும் இருக்கும் இடத்தையும் வானொலி அலையில் அறிவித்துக்கொண்டே பறக்கவேண்டும் என்பது விதி. கீழே நிற்பவர் கைபேசிச் செயலியில் பார்க்கலாம். நல்ல ஏற்பாடு. ஆனால் கல்யாண வீட்டு ட்ரோன் தன் பெயரைச் சொல்லும், இராணுவத்தின் ட்ரோன் சொல்லாது. தன்னை அறிவிக்க எந்தச் சட்டத்தாலும் கட்டாயப்படுத்த முடியாத ட்ரோனையும் இதுவரை காட்டிக்கொடுத்து வந்தது அதன் இரைச்சல் ஒன்றுதான்.

சித்தியிடம் அந்தப் படத்தைக் காட்டினேன். மூக்குக்கண்ணாடியைத் தேடிப் போட்டுக்கொண்டு பார்த்தார். சத்தம் வராதாம் என்றேன். “அப்ப வாறது எப்பிடித் தெரியும்?” என்றார்.

சில மாதங்களின் பின் பொடியன் அழைத்தான். யாழ்ப்பாணத்தில் ஒரு நண்பனிடம் கொடுத்து வளைய விசிறி அச்சடித்துப் போட்டுப் பார்த்தானாம். “சத்தம் கொஞ்சம் குறைவுதான் அண்ணை, ஆனா பற்றரி நிக்கேல்ல. பழசையே திருப்பிப் போட்டிட்டன்.” இந்த வருடத் தேருக்கும் அவன்தான். ட்ரோனை எத்தனை மணிக்கு மேலே விடுவது என்று முதலே ஒலிபெருக்கியில் சொல்லிவிடுகிறேன் என்றான். நான் அதைச் சித்திக்குச் சொன்னேன்.

“எத்தினை நிமிசம் மேல நிக்குமாம்?” என்று கேட்டார்.