மந்திரக்கோல் ஏந்தும் உரிமை: மாயாஜால அமைச்சகத்துக்கு ஒரு கோரிக்கைச் சாசனம்

பெறுநர்: மாயாஜால அமைச்சர் கிங்ஸ்லி ஷாக்கில்போல்ட் அவர்கள், லண்டன்.

விடுப்போர்: கிரிங்காட்ஸ் வங்கியின் கோப்ளின்களும் ஹாக்வார்ட்ஸ் சமையலறையின் வீட்டு எல்ஃப்களும், அவர்களோடு சேர்ந்து நிற்கும் மனிதர்கள் சிலரும்.

1998 மே 2 அன்று ஹாக்வார்ட்ஸ் போரில், கிரீச்சர் என்ற எல்ஃபுக்குப் பின்னால் சமையலறையிலிருந்து பாய்ந்து வந்த எல்ஃப்களின் கையில் இருந்தவை கறி வெட்டும் கத்திகள். எதிரே நின்றவர்களின் கையில் மந்திரக்கோல்கள். மனிதரல்லாத எவரும் மந்திரக்கோல் வைத்திருக்கவோ பயன்படுத்தவோ கூடாது என்கிறது கோல் பயன்பாட்டு விதித்தொகுப்பின் 3ஆம் பிரிவு. உயிர் போகிற அந்த நேரத்திலும் எல்ஃப்கள் அந்தப் பிரிவை மீறவில்லை. போர் முடிந்துவிட்டது, பிரிவு மட்டும் அப்படியே இருக்கிறது. அதை அடியோடு நீக்க வேண்டும் என்பதே எங்கள் முதல் கோரிக்கை. மற்றவை அதன் கிளைகள்.

தடி எடுத்தவனெல்லாம் தண்டல்காரன் ஆகிவிடுவான் என்பது உங்கள் பயம். 1612இல் கோப்ளின்கள் கலகம் செய்ததைச் சுட்டிக்காட்டுவீர்கள். செய்தோம், மறைக்கவில்லை. பேராசிரியர் பின்ஸ் அதைப் பாடமாகவே நடத்துகிறார். வகுப்பில் விழித்திருந்தவர்களுக்குத் தெரியும். ஆனால் ஹாக்வார்ட்ஸ் போரை மூட்டிய வோல்டமார்ட்டின் யூ மரக் கோல் எங்கிருந்து வந்தது? திருட்டுப் பொருளல்ல, கோல் செய்பவர் ஆலிவாண்டரின் கடையில் முறைப்படி வாங்கியது. பதினொரு வயது மனிதப் பிள்ளை ஏழு கேலியன் காசோடு போனால் அங்கே கோல் கிடைக்கும். உங்கள் தங்கத்தையெல்லாம் தலைமுறை தலைமுறையாகக் காவல் காக்கும் கோப்ளினுக்குக் கிடைக்காது. கோலால் நடந்த பெருங்கொலைகளின் கணக்கை எடுத்துப் பாருங்கள், 3ஆம் பிரிவு யாரைத் தடுத்தது என்று தெரியும்.

விங்கியின் கதையை மறந்திருக்க மாட்டீர்கள். 1994 குவிடிச் உலகக் கோப்பை இரவில் வானத்தில் வோல்டமார்ட்டின் மண்டையோட்டுச் சின்னம் எழுந்தது. மரத்தடியில் மயங்கிக் கிடந்த எல்ஃபின் கையில் ஹாரி பாட்டரின் கோல். சின்னத்தை எழுப்பியது யார் என்று தெரிவதற்கு முன்பே, 3ஆம் பிரிவு மீறப்பட்டது என்பது அமைச்சக அதிகாரியின் வாயில் வந்துவிட்டது. எழுப்பியவன் ஒரு மனிதன், அதுவும் விங்கியின் எஜமானரான உயரதிகாரி வீட்டுக்குள்ளேயே ஒளித்து வைத்திருந்த மகன். கடைசியில் கையில் துணியைக் கொடுத்து வேலையிலிருந்து விரட்டப்பட்டவர் விங்கி.

இது எங்கள் பிரச்சினை மட்டும்தான் என்று மனிதர்கள் நினைத்திருந்தார்கள், 1997 வரை. அந்த ஆண்டு மகிள் வழிப் பிறந்தோரை, அதாவது மாயம் அறியாப் பெற்றோருக்குப் பிறந்த மந்திரவாதிகளை, பதிவு செய்ய ஆணையம் ஒன்று வந்தது. மேரி கேட்டர்மோல் என்ற பெண்ணை விசாரணைக் கூண்டில் நிறுத்தி, எட்டே முக்கால் அங்குலச் செர்ரி மரக் கோலை யாரிடமிருந்து திருடினாய் என்று கேட்டார்கள். பதினொரு வயதில் அந்தக் கோல் தன்னைத் தேர்ந்தெடுத்தது என்று அவர் அழுதது எடுபடவில்லை. பிறப்பைப் பார்த்துக் கோலை மறுக்கலாம் என்பதை எங்கள் மீது பல காலம் பழகிய சட்டத்துக்கு, அடுத்த ஆளைத் தேடிப் போக அதிக நேரம் பிடிக்கவில்லை. டயகன் சந்தில் கோலிழந்து பிச்சைக்கு உட்கார்ந்திருந்தவர்கள் உங்கள் இனத்தவர்களே. எனவே, யார் என்பதைப் பார்த்துக் கோலைப் பறிக்கும் எந்த விதியும் இனி கூடாது. குற்றம் செய்தவரிடமிருந்து, விசாரித்து, தீர்ப்பெழுதிப் பறியுங்கள். அதற்கு நாங்களும் கட்டுப்படுகிறோம்.

விசாரித்து என்று சொல்வதற்குக் காரணம் ஹாக்வார்ட்ஸ் வேட்டைக்காவலர் ஹாக்ரிட். பள்ளியில் மூன்றாம் ஆண்டு படிக்கும்போது, இன்னொருவன் செய்த குற்றத்துக்காக வெளியேற்றி, பதினாறு அங்குல ஓக் கோலை முறித்துக் கையில் கொடுத்தார்கள். அரை நூற்றாண்டு கழித்து அவர் குற்றமற்றவர் என்று தெரிந்த பிறகும் அந்த மனிதர் ஓர் இளஞ்சிவப்புக் குடையைத்தான் நீட்டிக்கொண்டு திரிகிறார். அவருக்குப் புதுக் கோல் கொடுங்கள், மன்னிப்புக் கடிதத்தோடு. செலவு ஏழு கேலியன்தான். கருவூலத்தில் இல்லையென்றால் கிரிங்காட்ஸ் கடன் தரும், வட்டி வழக்கம்போல.

அடுத்தது கோல் செய்யும் கலை. அதை மனிதர்கள் பூட்டி வைத்திருக்கிறார்கள் என்று கோப்ளின்கள் குறைபடும்போதெல்லாம், நீங்கள் மட்டும் வாள் செய்யும் வித்தையைச் சொல்லித் தருகிறீர்களா என்ற பதில் வருகிறது. நியாயமான கேள்வி. கோப்ளின் உலை நுட்பத்தில் ஒரு பகுதியை ஈடாகத் தரலாம் என்று எங்களில் ஒரு சாரார் ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். இன்னொரு சாரார் இந்தப் பத்தியை நீக்கச் சொல்லி இன்று காலைவரை சண்டை போட்டார்கள். 1998இல் மால்ஃபாய் மாளிகையின் நிலவறையில் ஆலிவாண்டரும் அடைபட்டிருந்தார், கிரிப்ஹூக் என்ற கோப்ளினும் அடைபட்டிருந்தார். கோல் செய்பவரையும் கோல் மறுக்கப்பட்டவரையும் மீட்டது கோலே இல்லாத எல்ஃப் டாபி. அவரைக் கொன்றது சாபமல்ல, எறியப்பட்ட வெள்ளிக் கத்தி. கத்திக்கு எந்த விதித்தொகுப்பும் கிடையாது.

கோல் வேண்டாம் என்கிற எல்ஃப்கள் ஏராளம். அவர்கள் கையில் திணிக்கச் சொல்லவில்லை. குதிரைமனிதர்கள் வில்லே போதும் என்று இந்தச் சாசனத்தில் கையெழுத்திட மறுத்துவிட்டார்கள். பதினேழு வயதுக்கு உட்பட்டோருக்கான 1875ஆம் ஆண்டுக் கட்டுப்பாட்டை எங்கள் பிள்ளைகளுக்கும் பொருத்துங்கள், ஆட்சேபம் இல்லை.

இந்த மனுவை மாயாஜால உயிரினங்கள் ஒழுங்குமுறைத் துறைக்கு அனுப்பிக் கிடப்பில் போட வேண்டாம். விசன்காமட் மன்றத்தில், எங்கள் பிரதிநிதிகளும் இருக்கையில் அமர்ந்திருக்க, இது விவாதிக்கப்பட வேண்டும். பதிலை ஆந்தை வழியாக கிரிங்காட்ஸ் முகவரிக்கு அனுப்புங்கள். எந்த வீட்டு எல்ஃபிடமும் கொடுத்தனுப்ப வேண்டாம்.